கொட்டாமல் வரைந்த ஈரம்

பிஸ்கட் தொழிற்சாலையின் சாப்பாட்டுக் கூடத்தில் ஈரக்காரி கல்லைத் துடைத்துக்கொண்டிருந்தாள். சக்கரம் வைத்த சட்டத்தில் நிற்கும் ஆள் உயரக் கறுப்புக் கல். அதில் வெறும் தண்ணீரைத் தொட்டு வரைவதுதான் அவள் தொழில். ஒரு தடவை பார்த்தால் போதும், வரைந்தது காய்கிற வரைக்கும் பார்த்தவர்கள் மனசு வரைந்தவள் மனசாகிவிடும். காய்ந்ததும் அவரவர் மனசு அவரவருக்கு. கல்யாணத்துக்குக் கூப்பிடுவார்கள், ஆஸ்பத்திரிக்குக் கூப்பிடுவார்கள். இங்கே வாரம் ஒரு மத்தியானம், பாக்கெட் போடும் பெண்களுக்குக் கொஞ்சம் நிம்மதி தர வேண்டும். நிம்மதி கிடைத்தால் சாயங்காலம் கை வேகமாக ஓடும் என்பது நிர்வாகத்தின் கணக்கு. பாசமெல்லாம் ஒன்றும் இல்லை.

தொழிலில் ஒரு முறை உண்டு. வரைவதற்கு முன்னால் மனசில் கிடப்பதையெல்லாம் தண்ணீர்க் கிண்ணம் பிடிக்கிறவரிடம் கொட்டிவிட வேண்டும். வீட்டுச் சண்டையோ, பல் வலியோ, பக்கத்து வீட்டுக்காரி மேல் பொறாமையோ, எதுவானாலும் சரி. கொட்டாமல் விட்டால் தண்ணீரோடு அதுவும் கல்லில் ஏறிவிடும். கிண்ணம் பிடிப்பது எப்போதும் அவளுடைய சித்திதான். சித்தியிடம் போன விஷயம் வெளியே வந்ததாகச் சரித்திரம் இல்லை. இன்றைக்கென்று பார்த்து அவள் மாடிப்படியில் கால் பிசகிப் படுத்துவிட்டாள். பதிலுக்கு வந்திருப்பது ஈரக்காரியின் புருஷன், பூட்டுக்காரன். கடையை அடைத்துவிட்டு, நல்ல சட்டை போட்டுக்கொண்டு, புது மாப்பிள்ளை மாதிரி கிண்ணத்தோடு நின்றான்.

"ம், கொட்டு," என்றான். "எங்கப்பாவைப் பத்தியா? என்ன வேணாலும் சொல்லு, இந்தக் காதுல வாங்கி அந்தக் காதுல விட்டுடறேன்."

"ஒண்ணுமில்லைங்க."

"ஒண்ணுமில்லையா? உனக்கா?"

"நிஜமா ஒண்ணுமில்ல. தண்ணியக் காட்டுங்க."

இருந்தது. கப்பலில் ஊர் ஊராகப் போகும் ஈரக்காரர் குழு ஒன்று அவளை மூன்று வருஷத்துக்குக் கூப்பிட்டிருந்தது. இந்த மாதிரி நிம்மதி வியாபாரம் இல்லை. வீட்டுச் சுவர் அளவு கற்களில், மனசுக்குப் பட்டதை வரையலாம். முந்தாநாள் அவள் சரி என்று சொல்லிவிட்டாள். படுத்த படுக்கையாய்க் கிடக்கும் மாமனாரை யார் பார்ப்பது, கடையை விட்டுவிட்டு இவன் எப்படி வருவான் என்றெல்லாம் யோசித்துவிட்டுத்தான் சொன்னாள். யோசித்த பிறகும் சொன்னோமே என்பதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது. இவனிடம் சொல்ல மட்டும் வாய் வரவில்லை. கெட்டவனாக இருந்தால் மூஞ்சிக்கு நேரே சொல்லியிருப்பாள். நல்ல மனுஷனாகப் போய்விட்டான்.

வழக்கம்போல ஒரு குளமும் கரையில் ஒரு மரமும் வரைய ஆரம்பித்தாள். முதல் கோட்டிலேயே தெரிந்துவிட்டது, தூரிகை கனத்தது. நிறுத்தியிருக்கலாம். நிறுத்தினால் ஏன் என்று கேட்பான். அந்த ஒரு கேள்விக்குப் பயந்து வரைந்து முடித்தாள்.

பார்த்துக்கொண்டிருந்த பெண்களில் முதலில் எழுந்தது பாக்கெட் ஒட்டுகிற நெட்டையக்கா. வலைத்தொப்பியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, "சரி, நான் கிளம்பறேன்," என்று பொதுவாகச் சொன்னாள். பிறகு அந்த பெஞ்சே எழுந்தது, அப்புறம் கூடமே எழுந்தது. ஓட்டமில்லை, கூச்சலில்லை. பையை எடுத்துக்கொண்டு சிரித்த முகமாக வாசலுக்கு நடந்தார்கள். சூப்பர்வைசர் மட்டும், "ஏய், எங்க எல்லாரும்?" என்று அதட்டினார். அதட்டிக்கொண்டே கல்லைப் பார்த்தார். பார்த்தவர் சைக்கிளை எடுக்கப் போய்விட்டார்.

கிண்ணம் பிடிப்பவர் கல்லுக்கு முதுகைக் காட்டித்தான் நிற்க வேண்டும். இதை அவனிடம் சொல்ல அவள் மறந்திருந்தாள். பூட்டுக்காரன் கிண்ணத்தை மெதுவாகத் தரையில் வைத்தான். கல்யாணமான நாளிலிருந்து அவன் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை அவள் பார்த்ததில்லை. அவளை யாரென்றே தெரியாதவனாக, தாண்டிக்கொண்டு வெளியே போனான். ஐயோ, இவ்வளவா என்று இருந்தது அவளுக்கு. துடைத்தால் ஈரம் பரவி இன்னும் மோசமாகும். காய்கிற வரைக்கும் அவள் நின்றுகொண்டிருந்தாள்.

காய்ந்தது. "கேட் வரைக்கும் போயிட்டேன்டி, செருப்புகூடப் போடல!" என்று சிரித்துக்கொண்டே திரும்பி வந்தார்கள். நெட்டையக்கா சிரிக்கவில்லை. தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றுவிட்டு மாட்டிக்கொண்டாள். சூப்பர்வைசர் வியர்க்க விறுவிறுக்க வந்து, "தாயே, இனிமே இந்தப் பக்கமே வந்துடாத," என்று கும்பிட்டார். மணி அடித்தது. கூடம் காலியானது.

பூட்டுக்காரன் கடைசியாக வந்து பெஞ்சில் உட்கார்ந்தான்.

"எங்க போற?"

"கப்பல்ல. மூணு வருஷம்."

"கூப்பிட்டவங்ககிட்ட சரின்னு சொல்லிட்டியா?"

"சொல்லிட்டேன்."

அவன் கத்தியிருந்தால் அவளுக்குச் சுலபமாக இருந்திருக்கும். கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அப்பா ஞாபகம் வரல, கடை ஞாபகம் வரல. அவ்ளோ சந்தோஷமா இருந்துச்சு. காயுற நேரத்துல கொஞ்சம் புத்தி வந்துச்சு. அந்த சந்தோஷத்துக்குள்ள நான் எங்கயாவது இருக்கேனான்னு தேடிப் பாத்தேன்."

"இருந்தீங்களா?" அவளுக்கும் அது தெரியவில்லை.

"தேடறதுக்குள்ள காஞ்சுபோச்சு."

எழுந்து வந்து கிண்ணத்தை எடுத்தான். பாதித் தண்ணீர் மிச்சம் இருந்தது. அதை அவள் பக்கத்து ஸ்டூலில் வைத்துவிட்டு, கல்லுக்கு நேர் எதிரே போய் உட்கார்ந்தான்.

"இன்னொரு தடவை வரை. எதையும் கொட்டாத. அப்படியே வரை, தேடிப் பாக்கறேன்."

அவள் தூரிகையை நனைத்தாள். கல்லின் நடுவில் ஒரு கோடு இழுத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தாள். அவன் கண்களை இறுக்க மூடிக்கொண்டிருந்தான். கோடு ஓரத்திலிருந்து காய்ந்துகொண்டு வந்தது.