நாணுவின் அரைச் சுருதி

என் டேப் ரெக்கார்டர் போல் ஒன்று கொச்சி மட்டாஞ்சேரியில் யாரிடமும் இல்லை; இந்தியாவிலேயே இல்லை என்றுதான் நான் சொல்லிக்கொண்டிருந்தேன். கப்பலில் வேலை பார்த்த மைத்துனன் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்தது. இங்கிலாந்து ராக் குழு ஒன்றின் போஸ்ட்-பங்க் கேசட்டை அதில் நாற்பதாயிரம் தடவையாவது கேட்டிருப்பேன்.

1994இல் கார்ப்பரேஷன் ஊழியர்கள் ஐந்து பேர், காலியான சுக்குக் கிடங்கு ஒன்றில் அந்தப் பாட்டுகளைப் பழகினோம். புத்தாண்டுக் கார்னிவலில் வாசிக்க இடம் கிடைத்திருந்தது. நான் பாட்டு, டேப் என்னுடையது என்பதால் சுருதிக்கும் நானே நீதிபதி. பேஸ் கிதார் நாணு. துப்புரவுப் பிரிவில் வேலை. யூதர் தெருவான ஜூ டவுனில், பழம்பொருள் கடையொன்றில் கிடந்த இசைத்தட்டைக் கேட்டுப் பழகியவன். அவன் வாசிப்பு என் கேசட்டுக்கு அரைச் சுருதி கீழே நின்றது.

"சாரே, உங்க மெஷினுக்கு வேகம் கூடுதலாக்கும். தட்டுல இப்படியில்ல" என்றான்.

"சிங்கப்பூர் மெஷினுக்குத் தெரியாதது உனக்குத் தெரியுமோ? காதுல குப்பை லாரி மண்ணு அடைச்சிருக்கும், கழுவிண்டு வா."

எல்லோரும் சிரித்தார்கள். நாணு கிதாரைச் சுவரில் சாய்த்துவிட்டுப் போனான். திரும்பி வரவே இல்லை. அந்தக் கதையை ஆபீஸ் முழுக்கச் சொன்னேன். சொல்லச் சொல்ல நாணுவின் சுருதி இறங்கிக்கொண்டே போய், நான் ஓய்வு பெறும்போது காயலின் அடியில் கிடந்தது.

2009இல் பெங்களூரிலிருந்து வந்த மகள் மாதுரி, அதே ஆல்பத்தை லேப்டாப்பில் போட்டு என் காதில் ஹெட்போனை மாட்டினாள்.

"லாஸ்லெஸ் அப்பா. ஸ்டுடியோல பதிஞ்சது, ஒரு துளி கொறையாம."

பாடகன் எச்சில் விழுங்குவது கேட்டது. அன்று காலை அவன் என்ன சாப்பிட்டான் என்றுகூடச் சொல்லியிருப்பேன். பிறகு பேஸ் நுழைந்தது. நாணு நின்ற அதே இடத்தில். பழைய கேசட்டையும் ஓடவிட்டு, சுருதிப் பெட்டியில் இரண்டையும் ஒத்துப் பார்த்தேன். என் மெஷின்தான் அரைச் சுருதி மேலே நின்றது. சந்தேகமே இல்லை.

மறுநாள் லேப்டாப்போடு அவனைத் தேடிப் போனேன். ஓய்வுக்குப் பிறகு ஜூ டவுனில் பித்தளை விளக்குகளுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தான். ஹெட்போனை மாட்டிவிட்டேன். ஒரு பாட்டு முழுதும் அசையாமல் கேட்டான்.

கடையில் வேறு யாரும் இல்லையென்று பார்த்துக்கொண்டு, குனிந்து சொன்னேன்: "நீதான் சரி, நாணு. கோளாறு என் மெஷின்லதான்."

நாணு ஹெட்போனை மடித்து என் கையில் வைத்தான்.

"அன்னைக்கு எல்லாரும் கேக்குற மாதிரி சொன்னீங்க. இன்னைக்கு என் காதுக்குள்ள மட்டும் சொல்றீங்களே, சாரே" என்று அடுத்த விளக்கை எடுத்தான்.