நமத்த சரக்கு என்று எழுதியவள்

1

இந்தக் கதை ஒட்டுக்கேட்டதில் பிறந்தது. கௌரவமான வேறு பிறப்பு ஒன்றை எழுதிப் பார்த்தேன், ஒட்டவில்லை. சிவகாசியில் எங்கள் தெருவில் வீட்டுக்கும் வீட்டுக்கும் நடுவே ஒரே சுவர்தான். மொட்டைமாடியில் நான் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தபோது, பக்கத்து வீட்டு ஆஷ்லின் போனில் யாரிடமோ, "எடுக்க மாட்டேன் அண்ணாச்சி. அந்த வார்த்தையை எடுக்கவே மாட்டேன்" என்று சொன்னது காதில் விழுந்தது. விழுந்தது என்ன, ஈரச் சேலையைத் தோளில் போட்டுக்கொண்டு சுவரோரமாகப் போய் நின்று வாங்கிக்கொண்டேன்.

கல்யாணமாகாத பெண் ஒரு வார்த்தைக்காக இவ்வளவு அடம் பிடித்தால் தெரு என்ன நினைக்கும்? நானும் அதைத்தான் நினைத்தேன். முதல் வரைவில் நேசகுமார் என்று ஒருவனை உண்டாக்கி, அவனுக்கு ஒரு பைக்கும் வாங்கிக் கொடுத்து, அவன் வெம்பக்கோட்டை அணைக்கட்டில் அவளுக்காகக் காத்திருந்த மாலையில் வானம் —

(நேசகுமார் இனி வரமாட்டான். விஷயம் எஸ்.எஸ்.டி. என்று தெரிந்ததும் பைக்கோடு அனுப்பிவிட்டேன். வானமும் அவனோடு போகட்டும்.)

2

தெரியாதவர்களுக்காக: எஸ்.எஸ்.டி. என்பது கம்ப்யூட்டருக்குள் கோப்புகள் குடியிருக்கும் பெட்டி. பழைய டிஸ்கில் தட்டு சுழலும். இதில் சுழல எதுவும் கிடையாது, எல்லாம் சிப். அதனால்தான் வேகம்.

ஆஷ்லினுக்குக் காலண்டர் அச்சகத்தில் வேலை. காலையில் அச்சக வேன் தெருமுனைக்கு வந்து ஏற்றிக்கொண்டு போகும். டிசைன் பிரிவுக் கம்ப்யூட்டர்கள் அவள் பொறுப்பு. சீசன் நெருங்கினால் முருகன், மகாலட்சுமி, குழந்தை இயேசு, மெக்கா என்று படங்கள் வந்து குவியும். ஒவ்வொன்றும் திறப்பதற்குள் டீ ஆறிவிடும் அளவுக்குப் பெரிசு. பழைய டிஸ்குகளை மாற்றிவிடலாம் என்று முதலாளி முத்துக்கிருஷ்ணன் முடிவுசெய்தார்.

"மலிவாவும் இருக்கணும், சீசனையும் தாங்கணும். எதை வாங்கலாம்னு நீயே சோதிச்சு ஒரு ரிப்போர்ட் எழுது தாயி" என்றார்.

எழுதச் சொன்னது அவர்தான். இதை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். பிறகு எல்லாரும் இதை மறந்துவிட்டார்கள்.

கடைகளில் கிடைத்த மலிவு டிரைவ்கள் சில அவள் மேசைக்கு வந்தன. அதில் ஒன்றின் பெயர் மின்வேல். விற்பவர் லட்சுமிகாந்தம், கம்ப்யூட்டர் கடைக்காரர், முதலாளியம்மாவின் கூடப்பிறந்த தம்பி. இப்போது நிமிர்ந்து உட்காருகிறீர்கள், இல்லையா? நானும் அப்படித்தான் உட்கார்ந்தேன்.

3

எங்கள் ஊரில் எந்தச் சரக்கையும் முதலில் கையில் தூக்கித்தான் பார்ப்பார்கள். காலண்டர் அட்டையோ, வெடிப் பெட்டியோ, உள்ளங்கையில் வைத்து லேசாக ஆட்டுவார்கள். கனம் இருந்தால் சரக்கு, இல்லாவிட்டால் காற்று. முதலாளி டிரைவ்களையும் அப்படியே ஆட்டிப் பார்த்தார். பிளாஸ்டிக் கூடு போட்ட ஒன்றை, "காலித் தீப்பெட்டி கணக்கா இருக்கு" என்று ஓரமாகத் தள்ளினார். மின்வேலைத் தூக்கியதும் முகம் மலர்ந்தது. "எம்புட்டுக் கனம் பாரு! இதுல்ல சாமான்!"

ஆஷ்லினுக்குக் கையில் நம்பிக்கை கிடையாது. பெட்டியில் அச்சடித்திருக்கும் வேகத்திலும் கிடையாது. அச்சகத்தில் வேலை பார்ப்பவளுக்கு, அச்சடித்ததை எவ்வளவு நம்பலாம் என்று தெரியாதா? அவள் சோதிக்கும் முறை வேறு. போன சீசன் படங்கள் மொத்தத்தையும் ஒரே மூச்சில் ஏற்றுவாள். டிரைவ் நிரம்ப நிரம்ப வேகம் என்ன ஆகிறது என்று பார்ப்பாள். ஏற்றியதைத் திரும்ப இறக்கி, போனபடியே வந்திருக்கிறதா என்று ஒப்பிடுவாள். கடைசியில் திருகாணியைக் கழற்றி வயிற்றைப் பார்ப்பாள். (வயிற்றை முதலாளியின் கேபின் காட்சிக்கு வைத்திருக்கிறேன். பொறுங்கள்.)

காலித் தீப்பெட்டி பெரிய வேகமில்லை. ஆனால் முதல் படத்தை வாங்கிய மாதிரியே கடைசிப் படத்தையும் வாங்கிக்கொண்டது. மின்வேல் எடுத்த எடுப்பில் எல்லாவற்றையும் முந்தியது. மலிவு டிரைவ்களில் முன்னறை மாதிரி ஒரு சின்ன இடம் உண்டு. வருவதையெல்லாம் அங்கே சடசடவென்று வாங்கிப் போட்டுக்கொள்ளும். அந்த அறை நிரம்பிய பிறகுதான் வீட்டின் லட்சணம் தெரியும். மின்வேலுக்கு நிரம்பியதும் திரையில் வேகக் கோடு தொபுக்கென்று விழுந்தது. அப்புறம் எழுந்திருக்கவே இல்லை. இறக்கிப் பார்த்தால் ஒரு முருகன் இடுப்புக்குக் கீழே வெறும் சாம்பல் நிறம்.[1]

ரிப்போர்ட்டில் எல்லாவற்றையும் எழுதிவிட்டு, மின்வேலுக்கு நேரே கடைசியாக ஒரு வரி சேர்த்தாள்: "நமத்த சரக்கு."

[1] மயில் முழுக்கப் போய்விட்டது. முகமும் வேலும்தான் மிச்சம். நான் சேர்த்தது இல்லை. படத்தை அவளே போனில் காட்டினாள்.

4

வெளியூர்க்காரர்களுக்கு இது சாதாரண வார்த்தை. முறுக்கு நமத்துப் போகும், அப்பளம் நமத்துப் போகும், யார் கவலைப்பட்டார்கள்? எங்கள் ஊரில் சரக்கை மட்டம் என்று சொல்லலாம், விலை கொள்ளை என்று சொல்லலாம். சொல்லிவிட்டு அந்த வீட்டுக் கல்யாணத்தில் பந்தியில் உட்காரலாம். நமத்தது என்று மட்டும் சொல்லக் கூடாது. பட்டாசு ஏஜென்சியில் அந்த வார்த்தை விழுந்தால் லோடு அப்படியே திரும்பி வந்துவிடும். லட்சுமிகாந்தத்தின் அப்பாவுக்கு அப்படி ஒரு லோடு திரும்பி வந்தது. அதற்குப் பிறகு அந்தக் குடும்பம் பட்டாசைத் தொடவில்லை. மகன் கம்ப்யூட்டருக்குப் போனார்.

(இந்த இடத்தில் எனக்கு லட்சுமிகாந்தத்தின் மேல் இரக்கம் வந்து, கதையை அவர் பக்கம் திருப்பிவிடலாமா என்று யோசித்தேன். ஆனால் அந்த முருகனைப் பார்த்த பிறகு —)

5

ரிப்போர்ட் விஷயம் காதுக்குப் போனதும் லட்சுமிகாந்தம் முதலாளியின் கேபினுக்கே வந்துவிட்டார். அங்கே நான் இல்லை. டீ கொண்டுபோன தங்கச்சாமி இருந்தார். காலி டம்ளருக்காகக் காத்திருப்பதாகச் சொல்லிக்கொண்டு கடைசிவரை நின்றார். அவரும் என் ஜாதிதான், ஒட்டுக்கேட்கிற ஜாதி.

"அத்தான், ஸ்பீடு இல்லன்னு எழுதட்டும், சூடாகுதுன்னு எழுதட்டும், ஒண்ணுக்கும் ஆகாதுன்னே எழுதட்டும்" என்றார் லட்சுமிகாந்தம். "நமத்ததுன்னு எழுத இந்தப் பிள்ளை யாரு? எங்கய்யாவை ஒத்த வார்த்தையில முடிச்சாங்க. இப்ப நானா?"

"உங்கய்யா லோடு நெசமாவே நமத்திருந்துச்சா அண்ணாச்சி?" என்று ஆஷ்லின் கேட்டாள்.

"சத்தியமா இல்ல!"

"அப்ப அவுகளைச் சொன்னது பொய். நான் சொன்னது பொய்யான்னு இங்கனயே பாத்துருவோம்."

மின்வேலை மேசைமேல் வைத்துத் திருகாணியைக் கழற்றினாள். கூட்டுக்குள் கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு பலகை. மிச்ச இடம் முழுக்கப் பசை போட்டு ஒட்டிய ஓர் இரும்புத் துண்டு. நெம்பியதும் மேசைக் கண்ணாடிமேல் டொக்கென்று விழுந்தது.[2] முதலாளி அதை எடுத்து, பழக்கதோஷத்தில், உள்ளங்கையில் வைத்து ஆட்டிப் பார்த்தார்.

"கனமாத்தான் இருக்கு முதலாளி. இதுக்குத்தான் வச்சிருக்கான்" என்றாள் ஆஷ்லின்.

லட்சுமிகாந்தம் இரும்பையே பார்த்தார். "எனக்கே தெரியாது அத்தான். டெல்லியில இருந்து வந்ததை அப்படியே விக்கேன்."

"தெரிஞ்சு வித்தீகன்னு நான் எழுதலியே அண்ணாச்சி. சரக்கைத்தான் எழுதினேன்."

முதலாளி இரும்பைக் கீழே வைத்தார். "மின்வேல் வேண்டாம், சரி. வாங்கல. ஆனா இந்த ரிப்போர்ட்டை அடுத்த அச்சகத்துக்காரனும் கேக்கான். அந்த ஒத்த வார்த்தையை எடுத்துரு. சுமார்னு போடு. வீட்டுக்குள்ள எனக்கும் நிம்மதி வேணும்ல?"

"எடுக்கலேன்னா?"

"எடுக்கலேன்னா காலையில உன் தெருவுல வேன் நிக்காது."

ஆஷ்லின் ரிப்போர்ட்டைக் கையில் வாங்கினாள். பேனாவைத் திறந்தாள். லட்சுமிகாந்தம் மூச்சு விட்டார் என்கிறார் தங்கச்சாமி. அவள் 'நமத்த சரக்கு' என்பதற்குக் கீழே தன் பெயரை முழுசாக எழுதி, கையெழுத்துப் போட்டு, மேசையில் வைத்துவிட்டு வெளியே வந்தாள்.

[2] பெட்டியில் ஒட்டியிருந்த லேபிள் மட்டும் அபாரம். தங்க ஃபாயில், பிசிறே இல்லை. எங்கள் ஊர் அச்சாகத்தான் இருக்க வேண்டும்.

6

அன்று சாயங்காலம் ஆஷ்லின் என் வீட்டுக்கு வந்தாள்.

"பொன்மணியக்கா, என்னைப் பத்திக் கதை எழுதுறீகளாமே? காட்டுங்க."

காட்டினேன். படித்துக்கொண்டே வந்தவள் ஓரிடத்தில் நிறுத்தினாள். "இதென்னக்கா, 'சுமாரான சரக்கு'? நீங்களுமா?"

பிரிண்டருக்கு மை நான் லட்சுமிகாந்தம் கடையில்தான் வாங்குகிறேன் என்று சொல்ல வெட்கமாக இருந்தது. "இல்லடி, மெதுவான டிரைவ்னு சொன்னாலும் அதே அர்த்தம்தானே?" என்றேன்.

"மெதுவானதுன்னா முதல்லயே தெரியும்க்கா. காத்துக் கிடந்து பாத்துக்கிடலாம். இது அப்படியா? திரி பிடிக்கும், பொறி பறக்கும், நம்பிக் காதைப் பொத்திக்கிட்டு நிப்போம். சத்தம் வராது. அதுக்குப் பேரு என்ன நம்ம ஊர்ல? வேற பேரு இருந்தாச் சொல்லுங்க, மாத்திக்கிடுதேன்."

யோசித்தேன். நீங்களும் யோசியுங்கள். எனக்குக் கிடைக்கவில்லை. வரைவில் 'சுமார்' வந்த இடங்களையெல்லாம் அவள் எதிரிலேயே அடித்தேன்.

பிறகு நான் எழுதி வைத்திருந்த முடிவுகளைப் படித்துக் காட்டினேன்.

முதல் முடிவு: அவள் வார்த்தையை மாற்றுகிறாள், எல்லாரும் டீ குடிக்கிறார்கள்.

"இதைப் போட்டீகன்னா, எங்க வீட்டு வைஃபை பாஸ்வேர்டை மாத்திருவேன்."

இரண்டாவது: முதலாளி மனம் திருந்தி, எல்லார் முன்னாலும் அவளைப் பாராட்டுகிறார்.

சிரித்தாள். "எங்க முதலாளியை நீங்க பாத்ததே இல்லியா?"

மூன்றாவது: வேலை போகிறது. சென்னையில் பெரிய கம்பெனி அவளைக் கூப்பிடுகிறது. ரயில் ஏறுகிறாள்.

இதற்குத்தான் அவளுக்குக் கோபம் வந்தது. "ஏன்க்கா, உள்ளதை எழுதினவளைத்தான் ஊரைவிட்டு அனுப்பணுமா? இரும்பை உள்ள வச்சவன் சும்மா இருக்கான், நான் பெட்டி கட்டணுமா? இங்கனதான் இருப்பேன்."

மூன்றையும் கிழித்தேன். கதாசிரியர் என்ற முறையில் எனக்குக் கொஞ்சம் அவமானம்தான். அடுத்த வீட்டுக்காரி என்ற முறையில் பெருமையாக இருந்தது.

7

காலையில் ஆஷ்லின் சாப்பாட்டுப் பையோடு தெருமுனையில் நிற்கிறாள். தெருவே அவரவர் வாசலில் ஏதோ வேலையிருப்பதுபோல் நிற்கிறது. நான் ஏற்கெனவே பெருக்கிய வாசலை மறுபடி பெருக்குகிறேன். அச்சக வேன் ரோட்டிலிருந்து திரும்புகிறது.

வேன் நின்றதா என்று நான் எழுதப்போவதில்லை. நிறுத்த விரும்புகிறவர்கள் நிறுத்திக்கொள்ளுங்கள். புழுதியைக் கிளப்பிக்கொண்டு தாண்டிப் போகட்டும் என்பவர்கள் அப்படியே போகவிடுங்கள். அவளுக்கு நடக்கத் தெரியும், ஊரில் வேறு அச்சகங்களும் உண்டு.

ஒன்றை மட்டும் உங்களிடம் விடமாட்டேன். டிரைவர் சங்கரபாண்டியன் கண்ணாடியை இறக்கி, "அப்படி என்னத்தம்மா எழுதித் தொலைச்ச?" என்று கேட்பார். அதற்கு அவள் சொல்லும் பதிலில் நீங்கள் கை வைக்கக் கூடாது.

"நமத்த சரக்குன்னு" என்பாள், தெருவுக்கே கேட்கும்படி.