பக்கத்தில் ஒரு பெரிசு

லேபிளின் மை காய்வதற்குள் லட்சுமிகாந்தம் அதில் கட்டைவிரலை வைத்துத் தேய்த்துப் பார்த்தார். விரலில் சிவப்பு ஒட்டியது. அதை, லேபிளை அச்சடித்துக் கொண்டுவந்த யாகூபின் சட்டையோரத்தில் துடைத்துவிட்டு, "ஒட்டுது பாய்" என்றார். சுற்றி நின்ற ஏஜெண்டுகள் சிரித்தார்கள். யாகூபும் சிரித்தார். ஆர்டர் கொடுக்கப்போகிற கையை யாரும் சட்டையிலிருந்து தட்டிவிடுவதில்லை.

சிவகாசியில் லேபிள்தான் முதலில் பிறக்கும், வெடி அப்புறம். பெயரும் படமும் ஏஜெண்டுக்குப் பிடித்துப்போனால் அதற்கேற்ற மருந்தை எவனாவது கலந்துகொள்வான். லட்சுமிகாந்தம் தன் பட்டாசுக் கம்பெனிக்குப் பின்னால் கிடந்த கரிசல் பொட்டலில், தை கழிந்ததும் வெளியூர் ஏஜெண்டுகளைக் கூட்டிவைத்துப் புதுச் சரக்கைக் கொளுத்திக் காட்டுவது வழக்கம். அந்த வருஷம், இரண்டாயிரத்து ஏழில், அவர் பெரிதாக நம்பியிருந்தது 'கேலக்ஸி கிங்' என்ற வானவெடியை. வெடி இன்னும் பாதிதான் தயார். லேபிள் முழுதும் தயார். கறுப்பு வானத்தில் வெள்ளிக் கீற்றாக ஒரு நட்சத்திரக் கூட்டம்; அதன் இடுப்பிலிருந்து மேலும் கீழும் சிவப்புப் புகை பீறிட்டுக்கொண்டிருந்தது.

படத்தைத் தேடி எடுத்தவள் யாகூபின் மகள் அப்சானா. மதுரையில் எம்.எஸ்ஸி. இயற்பியல் முடித்துவிட்டு, மேலே படிக்கப் புனேக்கு எழுதிப்போட்டிருந்தாள். பதில் வரும்வரை அத்தாவின் அச்சகத்தில் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்து நிறம் பார்த்துக் கொடுத்தாள்.

"இது என்ன தாயி, கோழிய அறுத்து எறிஞ்ச மாதிரி இருக்கு?" என்று லட்சுமிகாந்தம் அவளைக் கேட்டார்.

"நெசமான கேலக்ஸிதான் அண்ணாச்சி. இதுக்குப் பக்கத்துல பெரிசு ஒண்ணு இருக்கு, படத்துல விழல. அது கிட்ட வந்து இழுக்கவும், இதுக்குள்ள சும்மா கெடந்த வாயு கலங்கி இறுகி, நட்சத்திரமாப் பொரியுது. நம்ம பால்வெளிய விடப் பத்து மடங்கு வேகம்."

"அப்ப சீசன்னு சொல்லு."

"சீசன்தான். ஆனா கைச்சரக்கு தீந்துரும். புதுசாப் பொறந்த நட்சத்திரங்களே காத்தா அடிச்சு மிச்ச வாயுவ வெளிய தள்ளிரும். இந்தச் செவப்பு அதுதான், ஓடிப்போற வாயு. அது போயிட்டா அப்புறம் ஒண்ணும் பொறக்காது. இருக்குறதும் வயசாகி மங்கிரும்."

"பெரிசுக்கு?"

"பெரிசுக்கு என்ன, அது பாட்டுக்கு இருக்கும். கடைசியில சின்னத முழுங்குனாலும் முழுங்கும்."

லட்சுமிகாந்தம் வெற்றிலையைக் கன்னத்தில் ஒதுக்கினார். "பாய், ஒங்க மக வானத்தப் பத்திச் சொல்லுதாளா, நம்ம பஜாரப் பத்திச் சொல்லுதாளா?" ஏஜெண்டுகளுக்கு அந்தச் சிரிப்பு அடங்க நேரமாயிற்று. வெடி மேலே போய்ப் பாதி புஸ்ஸாகிக் கீழே வந்ததை யாரும் பொருட்படுத்தவில்லை. லேபிளைப் பார்த்தே ஆர்டர் விழுந்தது.

அவள் சொன்ன அத்தனையிலும் யாகூப் காதில் தங்கியது 'பத்து மடங்கு' மட்டும்தான்.

அவருடைய மெஷின் பழசு. நாலு நிறத்துக்கு ஒரே தாள் நாலு தடவை ஏறி இறங்க வேண்டும். லட்சுமிகாந்தத்தின் ஆர்டரைச் சுமக்க மற்றவர்களை இறக்கிவிட்டார். இருக்கன்குடித் திருவிழாவுக்குக் கடை போடுகிறவர்களின் நோட்டீஸ், மல்லாங்கிணற்று விதைக்கடையின் பில் புக், எல்லாவற்றுக்கும் "நேரமில்லை" என்பதே பதில். வருஷக்கணக்காகக் கவர் அடித்துப் போகிற சாத்தூர் சேவுக்கடை ஆண்டிச்சாமி வெயிலில் வந்து நின்றபோது உட்காரக்கூடச் சொல்லவில்லை.

"சேவுக்கு எதுக்கு ஓய் கலர்க் கவரு? பேப்பர்ல மடிச்சுக் குடுத்தா தின்ன மாட்டானா?"

ஆண்டிச்சாமி துண்டை உதறித் தோளில் போட்டார். "மழை பெய்யுதுன்னு கெணத்த மூடாதீக பாய்."

வைகாசியில் புனேயிலிருந்து அப்சானாவை நேர்முகத்துக்குக் கூப்பிட்டார்கள். தாய் சபுரா சூட்கேஸில் துணியை அடுக்கினாள். துணைக்குப் போகும் மாமன் நிஜாம் விருதுநகர் ஸ்டேஷனில் நிற்பதாக ஏற்பாடு. சாயங்காலம் வண்டி. மதியம், வீட்டோடு ஒட்டிய அச்சகத்தின் வாசலில் லட்சுமிகாந்தத்தின் கார் வந்து நின்றது. கையில் முந்தின நாள் லோடிலிருந்து உருவிய ஒரு தாள்.

"இது செவப்பா பாய்? மிளகாவத்தல அரைச்சு அப்புன மாதிரி இருக்கு. நாளைக்கு வடக்க லாரி போகுது. பாப்பா கூட நின்னு பாத்தாத்தான் சரியா வரும்." பிறகுதான் சூட்கேஸைப் பார்த்தார். "எங்கன தாயி பயணம்?"

"புனேக்கு அண்ணாச்சி. இன்டர்வியூ."

"போயிட்டு வா. நான் குறுக்க நிக்கல. ஊருல வேற மெஷினா இல்ல." சொல்லிவிட்டு நாற்காலியை இழுத்துப் போட்டு, காலை நீட்டி உட்கார்ந்துகொண்டார்.

யாகூப் மகளைப் பார்த்தார், தாளைப் பார்த்தார். குனிந்து சூட்கேஸைத் தூக்கினார். பஸ்ஸுக்குத்தான் தூக்குகிறார் என்று அப்சானா செருப்பைக்கூட மாட்டிவிட்டாள். அவர் அதை உள்ளே கொண்டுபோய், மின்விசிறிக் காற்றில் படபடத்துக்கொண்டிருந்த லேபிள் கட்டின்மேல் வைத்தார். "பாரத்துக்குக் கல்லு தேடிட்டிருந்தியேலே" என்றார் மெஷின்மேன் அய்யாதுரையிடம். மகள் பக்கம் திரும்பாமலே, "அடுத்த வருசம் போயிக்கலாம்மா. வானம் எங்க ஓடிரப் போகுது" என்றார்.

அப்சானா செருப்பைக் கழற்றிவிட்டுக் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தாள். நிஜாம் ஸ்டேஷனிலிருந்து போன் அடித்துக்கொண்டே இருந்தார், சபுரா எடுக்கவில்லை. அன்றைக்கு வந்த சிவப்பு அதற்கு முன்னும் பின்னும் அந்த மெஷினில் வந்ததில்லை. லட்சுமிகாந்தம் விரலை வைத்துத் தேய்க்கவில்லை. கண்ணாடியைக் கழற்றி, தாளைக் கண்ணருகே வைத்து வெகுநேரம் பார்த்தார். தாளுக்கு மேலாக அப்சானாவையும் பார்த்தார்.

அந்தத் தீபாவளிக்குக் கேலக்ஸி கிங் தெருவுக்குத் தெரு வெடித்தது. யாகூப் கடைவாசலில் நின்று அண்ணாந்து பார்த்து, ஒவ்வொன்றையும் தான் பெற்றதாகவே நினைத்துக்கொண்டார். மறு வருஷம் அப்சானா மறுபடி எழுதிப்போட்டாள். புனேயில் யாரும் கூப்பிடவில்லை. அதற்கடுத்த தை கழிந்தது, பொட்டலில் வெடி கொளுத்திய அன்றைக்கு யாகூபையும் யாரும் கூப்பிடவில்லை. இரண்டு நாள் கழித்து லட்சுமிகாந்தமே லட்டு டப்பாவோடு வந்தார்.

"சொந்தத்துலயே ஒரு பிரஸ் போட்டுட்டேன் பாய். நாலு கலரும் ஒரே ஓட்டம். பாப்பா சொன்ன கதையக் கேட்ட அன்னைக்கே முடிவு பண்ணுனது. எடுத்துக்கிடுங்க, நெய் லட்டு."

யாகூப் கையில் லட்டு இருந்தது. வாய்க்குப் போகவில்லை.

"அய்யாதுரை நேத்தே வந்து புது மெஷினப் பாத்துட்டுப் போயிட்டான்." அய்யாதுரை மெஷினின் மறுபக்கம் போய், துடைத்த இடத்தையே துடைத்தான். "பாப்பாவும் வரட்டும். அந்தச் செவப்பு அவ கைக்குத்தான் பேசுது."

"அவ வர மாட்டா அண்ணாச்சி" என்றார் யாகூப். குரல் அவருக்கே புதிதாக இருந்தது. "புனேக்குப் படிக்கப் போறா."

அப்சானா கம்ப்யூட்டரை அணைத்தாள். திரை இருட்டாகும்வரை பார்த்துவிட்டு, "எப்பலேர்ந்து வரணும் அண்ணாச்சி?" என்றாள்.

கார் போனபின் யாகூப் கேட்டார், "அத்தாவ விட்டுட்டா போற?"

"நான் எங்கத்தா போறேன்? இழுக்குற பக்கம் போறேன்." பழைய கட்டுகளின்மேல் தூசி படிந்து கிடந்த சூட்கேஸை அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

மெஷின் ஓடாத வாரங்கள் வந்தன. கழிவுத் தாள்களைப் பழைய பேப்பர்காரன் எடைக்கு அள்ளிப்போனான். கடைசியில் ஒருநாள் யாகூப் சாத்தூருக்குப் பஸ் ஏறினார். ஆண்டிச்சாமி கடையில் எண்ணெய்ச் சட்டி பொங்கிக்கொண்டிருந்தது. ஆண்டிச்சாமி ஸ்டூலை இழுத்துப் போட்டு, "உக்காருங்க பாய், வெயில்ல வந்திருக்கீக" என்றார். உட்காரச் சொன்னது யாகூபுக்குச் சுருக்கென்றது.

"கவர் அடிச்சுத் தரலாம்னு..."

"எதுக்குப் பாய்? நீங்க சொன்னபடி பேப்பர்லதான மடிக்கோம். நல்ல வழவழப்புப் பேப்பரு, எடைக்குக் கெடைக்குது." சூடாக ஒரு கை சேவு அள்ளி, மடித்து, நீட்டினார். "தின்னுக்கிட்டே போங்க."

யாகூப் பஸ் ஸ்டாண்டில் வந்து பொட்டலத்தைப் பிரித்தார். கறுப்பு வானம், வெள்ளிக் கீற்று, அப்சானா கொண்டுவந்த அந்தச் சிவப்பு. சேவு கிடந்த நடுவிலிருந்து எண்ணெய் ஊறிப் பரவிக்கொண்டிருந்தது. அது தொட்ட இடமெல்லாம் தாள் கண்ணாடியாகி, அடியில் தாங்கியிருந்த அவருடைய விரல்கள் ஒவ்வொன்றாகத் தெரிய ஆரம்பித்தன.