முப்பத்தேழு என்கிற அண்ணன்

தம்பி எழுதிய புத்தகத்தின் அச்சுப்படி வீட்டுக்கு வந்ததிலிருந்து பெரியவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. நீதிமன்றத்தில் தலைமை எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவர். ஒரு காற்புள்ளி பிசகினாலும் கோப்புக் கட்டையே திருப்பி அனுப்பியவர். அப்படிப்பட்டவர் எட்டாம் பக்கத்தில் மாட்டிக்கொண்டார்.

'முகங்கள் என் மனத்தில் தங்குவதில்லை. ஒவ்வொருவரையும் ஓர் எண்ணாகத்தான் அறிகிறேன். அண்ணி இருபத்துநான்கு, யார் வந்து கேட்டாலும் பங்கு கொடுக்கும் எண். அண்ணன் முப்பத்தேழு. தன்னையும் ஒன்றையும் தவிர எதனாலும் வகுபடாது. மழையில் குடை விரிக்காமல் நிற்கும்.'

"இது பாராட்டா, வசவா?" என்று மனைவியிடம் கேட்டார்.

"எனக்கு நல்லாத்தான் போட்டிருக்காரு. உங்களதை நீங்களே கேட்டுக்குங்க."

"நாலு பேர் படிச்சா என்ன நினைப்பாங்க? இந்தக் குடும்பத்துக்கு மூத்தவன் வெறும் முப்பத்தேழா?"

"ஏன், ஆயிரம்னு போடணுமா?"

அவள் கேலிக்குச் சொன்னாள். அவர் அதையே பிடித்துக்கொண்டார். சிவப்புப் பேனாவை எடுத்து முப்பத்தேழை அடித்தார். மேலே 'ஆயிரம்' என்று எழுதி, பக்கத்தில் சுருக்கொப்பமும் வைத்தார். மாலையில் அச்சகத்துக்காரர் வந்து படியை வாங்கிக்கொள்வார். அதற்குமுன் தம்பி ஒருமுறை பார்த்துவிட வேண்டும், அவ்வளவுதான்.

தம்பி ஐம்பதைத் தாண்டியவன். தன் அறையில் உட்கார்ந்து படித்தான். எட்டாம் பக்கம் வந்ததும் எழுந்து கூடத்துக்கு வந்தான். சமையலறையை எட்டிப் பார்த்தான்.

"அண்ணி, அண்ணன் எங்க?"

"உங்க மூக்குக்கு முன்னாடிதான் உக்காந்திருக்காரு."

"இவரு இருக்காரு. புத்தகத்துல காணோம். அங்க வேற யாரோ வந்து உக்காந்திருக்காங்க. வழவழன்னு ஒரு ஆளு. ரெண்டுன்னு கேட்டா ரெண்டா உடையறாரு, அஞ்சுன்னு கேட்டா அஞ்சா உடையறாரு. எனக்கு அவரைத் தெரியாது."

"அது நான்தான்டா. பெரிசாப் போட்டிருக்கேன்."

"பெரிசு இல்லண்ணே. வேற."

தம்பி தன் விரல்களை ஒவ்வொன்றாக இழுத்து விட்டுக்கொண்டிருந்தான். அப்பா இறந்த வாரம் முழுக்க அப்படித்தான் இழுத்துக்கொண்டிருந்தான்.

பெரியவருக்கு ஒன்றும் புரியவில்லை. இவனை யார் என்ன செய்துவிட்டார்கள்? கௌரவமான ஓர் எண்ணைத்தானே போட்டோம்?

"சரி, ஒண்ணே ஒண்ணு சொல்லு. முப்பத்தேழை உனக்குப் புடிக்குமா, புடிக்காதா?"

தம்பி கேள்வியே விளங்காதவனாகப் பார்த்தான்.

"அது அண்ணன்" என்றான்.

அழைப்பு மணி அடித்தது. அச்சகத்துக்காரர் வாசலில் நின்றார்.

"திருத்தம் ஏதாச்சும் உண்டுங்களா ஐயா?"

பெரியவர் எட்டாம் பக்கத்தை உருவி, தன் திருத்தத்தின்மேல் தானே கோடு கிழித்தார். பணியில் இருந்த காலமெல்லாம் அப்படி ஒரு காரியம் செய்ததில்லை.

"பழையபடியே இருக்கட்டும்."

"ஏதாவது தப்பா வந்துடுச்சுங்களா?"

"யாரு தப்புன்னு எனக்கே தெரியலைங்க. கொண்டு போய் அச்சடிங்க."