எக்ஸ்டென்ஷன் 214

போர்ட் பிளேர் கப்பல் ஆபீசில் மாட்டவேண்டிய நாற்பத்திரண்டு போன்களில் நாற்பத்தொன்றுக்கு ரவிக்குமார் ஒரே மாதிரியான செட்டிங்கைத்தான் எழுதியிருந்தான். மிச்சமிருந்த ஒன்றுக்கு மட்டும், பத்துபஸ்தி வாடகை வீட்டில் மூன்று நாள் உட்கார்ந்து, பெண்ணுக்குக் கல்யாணப் பத்திரிகை எழுதுகிற தகப்பன் மாதிரி வரிவரியாக யோசித்து எழுதினான். மணிச்சத்தம் உச்சத்தில், குறைக்கிற பொத்தானுக்குப் பூட்டு. 'தொந்தரவு செய்யாதே' பொத்தானுக்கும் பூட்டு. அழைப்பை வேறு மேசைக்குத் தள்ளிவிடும் வசதி கிடையாது. பயணிகள் விசாரிக்கும் பொது எண்ணுக்கு எந்தத் தீவிலிருந்து யார் கூப்பிட்டாலும் இந்தப் போன்தான் முதலில் அடிக்கும். மூன்று முறை அடித்தும் எடுக்காவிட்டால், போன் தன்னைத்தானே எடுத்துக்கொண்டு ஸ்பீக்கரைத் திறந்துவிடும். எக்ஸ்டென்ஷன் 214. முத்துகிருஷ்ணனுடைய மேசை.

பழிவாங்க அவனுக்கு வேறு வழியில்லை. ஐம்பத்திரண்டு கிலோ உடம்பு. நான்கு வருடமாக மனதுக்குள் முத்துகிருஷ்ணனை பஜாரில் வைத்து, கப்பல் வந்து நிற்கும் ஜெட்டியில் வைத்து, விதவிதமாக அறைந்திருக்கிறான். கற்பனையில்கூட அறைந்த கையை அவனேதான் தேய்த்துவிட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. ஒரு தடவை நிஜமாகவே எதிரில் வந்தபோது, "வணக்கம் சார்" என்று சொல்லித் தொலைத்தான்.

நான்கு வருடத்துக்கு முன்பு, கச்சாலில் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டிக்கொண்டிருந்த அப்பா பொன்னுத்துரைக்கு மூச்சு வாங்குகிறது என்று செய்தி வந்த அன்று, ரவி இதே சமுத்ரதாரா கப்பல் சர்வீஸின் கவுன்டருக்கு ஓடிவந்தான். மாலைக் கப்பலில் இடமில்லை. ஆபத்து அவசரத்துக்கென்று நாலு சீட் எப்போதும் ஒதுக்கி வைத்திருப்பார்கள். அது முத்துகிருஷ்ணன் கையில் இருந்தது. "இங்க வந்து நின்னா நஹி ஹோகா, ஆகாது. எமர்ஜென்சி சீட்டு போன்லதான். போன் பண்ணு" என்று அவர் ஜன்னலை இழுத்துச் சாத்தினார். ரவி அந்த ஜன்னலுக்கு வெளியிலேயே நின்று கைபேசியில் கூப்பிட்டான். உள்ளே மேசைமேல் மணி அடிப்பது கண்ணாடியைத் தாண்டி அவனுக்கே கேட்டது. முத்துகிருஷ்ணன் கொய்யாத் துண்டை உப்பில் தொட்டுத் தின்றுகொண்டிருந்தார். ரவி பதினோராவது தடவை கூப்பிட்டபோது, நாற்காலியில் கிடந்த தோள்துண்டை எடுத்து, நான்காக மடித்து, போன்மேல் போட்டார். கப்பல் போய்விட்டது. அடுத்த கப்பல் ஆறு நாள் கழித்து. அவன் போய் இறங்கியபோது அடக்கம் முடிந்திருந்தது. "ரெண்டு நாள் உனக்காக வச்சிருந்து பார்த்தோம்டா. அதுக்கு மேல முடியல" என்றாள் அம்மா. அந்த நாலு சீட்டில் இரண்டு காலியாகவே போனதைக் கப்பலில் வேலை பார்க்கிற ஒருவர் பிற்பாடு சொன்னார். சொல்லாமலிருந்திருக்கலாம்.

திங்கட்கிழமை காலை ரவி போன்களை மாட்ட வந்தபோது முத்துகிருஷ்ணனுக்கு அவனை அடையாளமே தெரியவில்லை. நான்கு வருடம் ஒருத்தன் தன்னைத் திட்டிக்கொண்டே தூங்கப்போயிருக்கிறான் என்கிற விவரம் இல்லாமல், "எந்த ஊரு தம்பி?" என்றார்.

"கச்சால் சார்."

"அரே, கச்சாலா! மீனு நல்லாருக்குமே அங்க" என்று டீ சொன்னார். டீயோடு சமோசாவும் வந்தது. பழியும் பசியும் வேறு வேறு இலாகா என்று சமாதானம் சொல்லிக்கொண்டு ரவி இரண்டையும் முடித்தான். பிறகு ஒவ்வொரு மேசையிலும் போனை வைத்து, வயரைச் செருகி, 214-ஐ முத்துகிருஷ்ணன் முன்னால் நேர்பார்வையாக நிறுத்திவிட்டு, பின்னறையில் சர்வர் கணினி முன்னால் போய் உட்கார்ந்தான். பத்தரைக்குப் பொது எண்ணைத் திறந்துவிட்டான். சுவருக்கு அந்தப் பக்கம் மணி அலறியது. நின்றது. மறுபடி அலறியது. அவன் கண்ணை மூடிக் கேட்டான். இருபது நிமிடம் அந்த இசையை அனுபவித்துவிட்டு முகத்தைப் பார்க்க வெளியே வந்தான்.

முத்துகிருஷ்ணன் நிம்மதியாகச் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். அலறல் பக்கத்து மேசையில். இரண்டு மாதத்துக்கு முன் ஒப்பந்தத்தில் சேர்ந்த வைஜெயந்தி, சிப்பிகாட்டிலிருந்து பஸ் பிடித்து வருகிற பெண், ஒரு காதைப் பொத்திக்கொண்டு இன்னொரு காதில் போனை வைத்திருந்தாள்.

"என்னோடது அடிச்சு உயிர எடுத்துச்சு தம்பி. இந்தப் பொண்ணோடது சாதுவா இருந்துச்சா, மாத்தி வச்சுக்கிட்டேன். பஸ், காம் கதம், வேலை முடிஞ்சுது" என்றார் முத்துகிருஷ்ணன்.

இந்தப் போன்களுக்கு மேசை தெரியாது, ஆள் தெரியாது. ஒவ்வொன்றின் அடியிலும் ஒட்டியிருக்கிற எண்தான் அடையாளம். எங்கே தூக்கிப் போய் எந்த வயரில் செருகினாலும், சர்வரிடம் அந்த எண்ணைச் சொல்லி, தன் குணத்தைத் தவறாமல் கேட்டு வாங்கிக்கொள்ளும். அவன் மூன்று நாள் உட்கார்ந்து எழுதிய குணம் அத்தனையும் இப்போது அந்தப் பெண்ணின் காதுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது.

"அண்ணா, சத்தத்த கொஞ்சம் கம்மி பண்ணுங்களேன். எந்தப் பட்டன அமுக்குனாலும் கேக்க மாட்டேங்குது. என்ன பாவம் பண்ணேனோ தெரியல."

பாவம் பண்ணியவன் அவள் மேசை ஓரத்திலேயே மடிக்கணினியைத் திறந்தான். சர்வரில் இரண்டு போன்களின் எண்களை இடம் மாற்றினால் போதும். இரண்டும் அணைந்து எழுந்தால் சாபம் உரிய மேசைக்குப் போய்விடும். அதையும் அழித்துவிட்டு, நாற்பத்திரண்டையும் ஒன்றுபோல ஆக்கி, கௌரவமாக வீட்டுக்குப் போய்விடலாமே என்றும் தோன்றியது. அந்தச் சமோசா உள்ளேயிருந்து வேலை செய்தது. விசையில் விரலை வைத்து யோசித்துக்கொண்டிருந்தபோது 214 மறுபடி அடித்தது. வைஜெயந்தி ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள். மூன்றாவது மணிக்கு ஸ்பீக்கர் திறந்துகொண்டது.

"ஹலோ... யாராச்சும் இருக்கீங்களா? கேம்பெல் பேலருந்து அழகர்சாமி பேசுறேன். வீட்டுக்காரிக்கு வயித்துல வலி சார். போர்ட் பிளேருக்குக் கொண்டு போயிருன்னுட்டாரு டாக்டர். நாலு மணிக்குக் கப்பலு. நேத்துலருந்து அடிக்கிறேன், யாருமே எடுக்கல..."

குரல் அறையின் நாலு சுவரிலும் மோதியது. பின்னணியில் கோழிகள்.

"எமர்ஜென்சி சீட்டு நான் போட முடியாதுய்யா. இருங்க, சார் பக்கத்துலதான் இருக்காரு" என்றாள் வைஜெயந்தி. செய்தித்தாளுக்குப் பின்னாலிருந்து முத்துகிருஷ்ணன் 'இல்லை என்று சொல்' என்பதாகக் கையை ஆட்டினார். அவள் அந்தக் கையைப் பார்த்தாள். பிறகு போனிடம் தெளிவாகச் சொன்னாள்: "கைய ஆட்டுறாருய்யா. வர்றாருன்னு நினைக்கிறேன்."

யாரோ சிரித்துவிட்டார்கள். அத்தனை தலைகளும் திரும்பின. முத்துகிருஷ்ணன் எழுந்து வந்தார். அவள் மேசைக்கு முன்னால், உட்கார இடமில்லாமல், இடுப்பை மடக்கிக் குனிந்து, "பேரு சொல்லு" என்றார். பிறகு சுற்றிப் பார்த்துவிட்டு, "சொல்லுங்க" என்றார்.

"தங்கம்மா சார். துணைக்கு நானு."

தாளைத் தேடினார், அகப்படவில்லை. உள்ளங்கையில் எழுதிக்கொண்டார். "ரெண்டு சீட்டு. போட்டாச்சு. ஜெட்டில பேரச் சொல்லுங்க, ஏத்திக்குவாங்க."

போன் திரையில் ஓடிக்கொண்டிருந்த கணக்கை ரவி பார்த்தான். ஒரு நிமிடம் நாற்பது விநாடி. தேநீர் ஆறக்கூட அவகாசமில்லாத நேரம். இளகிக்கொண்டிருந்த எதுவோ அவனுக்குள் கல்லாகியது. இவ்வளவுதானா? அன்றைக்கும் இவ்வளவுதானா, சார்? அவன் எண்களை இடம் மாற்றி அமுக்கினான். மதிய இடைவேளையில் இரண்டு போன்களும் அணைந்து எழும்.

அந்தப் பக்கம் அழகர்சாமி போனை அணைக்க மறந்து, "ஏ புள்ள, கெடச்சிருச்சு! சேலய எடுத்து வையி!" என்று கத்திக்கொண்டே ஓடினார். ஏசி அறைக்குள் கோழிகள் மட்டும் கொக்கரித்தன.

"இத எப்டி தம்பி கட் பண்றது?" என்றார் முத்துகிருஷ்ணன், மை காயாத கையைத் தூக்கிப் பிடித்தபடி, குனிந்த முதுகு நிமிராமல்.

ரவி மடிக்கணினியை மூடினான். தரையில் சிதறிக் கிடந்த வயர் துணுக்குகளை ஒவ்வொன்றாகப் பொறுக்க ஆரம்பித்தான்.