புகாரில் நான் சேர்த்த நான்காவது ஆள்

1

இந்தக் கதை எனக்குத் தானாகத் தோன்றவில்லை. இன்று மதியம் மூன்று மணிக்கு மாடிவீட்டுப் பெண் ஒரு படிவத்தோடு வந்து, எங்கள் முன்னறை நாற்காலியில் அழுத்தமாக உட்கார்ந்து, "எழுதுங்க மாமா" என்றாள். அதனால் எழுதுகிறேன்.

போலீஸ் வேலைக்கான படிவம். எழுத்துத் தேர்வில் தேறிவிட்டாள், ஓட்டத்தில் இரண்டாவதாக வந்திருக்கிறாள். இதை இன்று ஐந்து மணிக்குள் கொடுத்தாக வேண்டும். அடுத்த வருடம் அவளுக்கு வயது தாண்டிவிடும்.

2

'அந்தி மயங்கும் வேளையில், காக்கிக் கனவுகளைக் கண்ணில் சுமந்தபடி ஓர் இளம்பெண்...'

(மூன்று மணிக்கு அந்தி எங்கே மயங்கும்? அடித்துவிட்டேன்.)

'பன்னிரண்டாவது கேள்வியில் அவள் பேனா நின்றது: உங்கள் மீது எப்போதாவது குற்ற வழக்குப் பதிவாகியிருக்கிறதா?'

இது தேவலை. பதிவாகியிருக்கிறது. நான்கு வருடத்துக்கு முன்பு, கீழ்வீட்டில் குடியிருக்கும் ஒரு எழுத்தாளர் கொடுத்த புகாரின் பேரில், அந்த எழுத்தாளர் யாரென்றால்...

[இந்த வாக்கியத்தை முடிக்க மனம் வரவில்லை. அடுத்த பகுதிக்குப் போவோம்.]

3

சரி, நான்தான்.

மாடிவீட்டுத் தண்ணீர்த்தொட்டி நிரம்பி வழிந்து, படியோரம் வைத்திருந்த என் நாவலின் ஒரே பிரதி கூழாகிவிட்டது. (இலக்கியத்துக்கு நட்டமா என்று என் மனைவியிடம் கேட்காதீர்கள்.) நான் கத்தினேன். அவள் அப்பாவும் அண்ணனும் இறங்கி வந்து கத்தினார்கள். அண்ணன் என் சட்டையைப் பிடித்தான். நடந்தது அவ்வளவுதான்.

நேரே காவல் நிலையம் போய் வெள்ளைத்தாள் வாங்கி எழுத உட்கார்ந்தேன். இரண்டே பேரை வைத்துக்கொண்டு புகார் சப்பென்று இருந்தது. எங்கள் தெருவில் சண்டை என்றால் எதிராளி வீட்டில் இருக்கிற அத்தனை பேரையும் மனுவில் எழுதிவிடுவதுதான் வழக்கம். அவள் அம்மாவைச் சேர்த்தேன். அப்போதும் உச்சக்கட்டம் என்று ஒன்று வரவில்லை. பெண்ணையும் சேர்த்தேன்: 'துடைப்பக்கட்டையுடன் ஆவேசமாகப் பாய்ந்து வந்து என் மூக்குக்கண்ணாடியை உடைத்தாள்.'*

* கண்ணாடி மேல் உட்கார்ந்தது நான். அவள் அந்த நேரம் மைதானத்தில் பயிற்சியில் இருந்தாள்.

நான் எழுதியதிலேயே அதிகம் பேர் படித்தது அந்த மனுதான். இன்ஸ்பெக்டர், இரண்டு வக்கீல்கள், ஒரு நீதிபதி. பிறகு இரண்டு வீடும் சமாதானமாகி, நான் சாட்சி சொல்லப் போகாததால் வழக்குத் தள்ளுபடியானது. நாங்கள் எல்லாரும் மறந்துவிட்டோம். படிவம் 'எப்போதாவது' என்றல்லவா கேட்கிறது.

4

பாத்திரத்தின் மீது எனக்குச் சந்தேகம். இந்த இடத்தில் அவள் அழ வேண்டும், கதைக்கு அது நல்லது. அவளோ தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்துவிட்டுக் கடிகாரத்தைப் பார்த்தாள்.

"கேஸ்தான் தள்ளுபடி ஆயிடுச்சேம்மா. 'இல்லை'ன்னு போட்டுடேன்."

"கேஸ் இருந்தா யோசிப்பாங்க மாமா. மறைச்சா யோசிக்கவே மாட்டாங்க, தூக்கிடுவாங்க. 'ஆம்'னு போட்டுட்டேன்."

"அப்புறம் நான் எதுக்கு?"

"சாட்சி வராம விழுந்த கேஸு. செஞ்சுட்டுத் தப்பிச்சுட்டாள்னு நினைப்பாங்க. நான் அங்க இல்லவே இல்லைன்னு நீங்கதான் எழுதிக் கொடுக்கணும்."

"பொய்ப் புகார் கொடுத்ததா என் மேல கேஸ் வருமே."

"வரலாம். உங்களுக்கு அறுபத்து மூணு வயசு. நீங்க என்ன போலீஸ் வேலைக்கா போகப்போறீங்க?"

உள்ளே என் மனைவி சிரித்தது கேட்டது.

5

முடிவுகள்:

அவள் வேலையில் சேர்ந்து, முதல் நாளே வந்து என்னைக் கைது செய்கிறாள். (இது என் மனைவி சொன்னது.)

அல்லது, அதிகாரி என் தாளைப் படித்துவிட்டு, 'இப்படிப்பட்ட ஆள் சொல்வதை எப்படி நம்புவது' என்று படிவத்தை ஓரமாக வைக்கிறார். அவள் வீட்டுக்குத் திரும்பி வந்து, ஷூவைக் கழற்றி...

இதற்கு மேல் எழுத முடியவில்லை. பயமாக இருந்தது.

நான் எழுதியவரைக்கும் அவள் வாங்கிப் படித்தாள். "வர்ணனை எல்லாம் வேணாம் மாமா. தனியா ஒரு தாள்ல மூணு வரி போதும்."

எழுதினேன். 'என் புகாரில் இந்தப் பெண்ணைப் பற்றிச் சொன்னது பொய். அவள் அங்கே இல்லை. கண்ணாடியை உடைத்தது நான்.' உவமை ஒன்றுகூட இல்லை.

பொய்க்குக் கீழே கையெழுத்துப் போட அன்றைக்கு எனக்கு இரண்டு விநாடி ஆகவில்லை. இதற்குக் கீழே போட இருபது நிமிடம் ஆயிற்று. வெட்கமாக இருந்தது. போட்டேன். அவள் தாளை மடிக்காமல் உறையில் வைத்துக்கொண்டு சைக்கிளில் கிளம்பிவிட்டாள்.

முடிவை நான் எழுதப் போவதில்லை. அவளைப் பற்றி இஷ்டத்துக்கு எழுதியது ஒரு தடவை போதும். இப்போது அந்த அதிகாரியின் கையில் இருப்பதும் உங்கள் கையில் இருப்பதும் ஒன்றுதான், ஏற்கெனவே ஒருமுறை பொய் எழுதியவனின் எழுத்து. அவர் நம்புவாரா என்று எனக்குத் தெரியாது. நீங்கள் நம்பினீர்களா?