முனகுகிற சவுண்ட்பார்

"இருக்கறதிலேயே மட்டமான சவுண்ட்பார் எது?" என்று அவள் கேட்டதும் விற்பனையாளர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். கழுத்தில் டை, மூக்கில் கண்ணாடி, இருபது வருஷமாக இதே கடையில் டிவியும் ஸ்பீக்கரும் விற்கிற மனிதர். மலிவானது கேட்டு வருகிறவர்கள் தினம் நூறு பேர். மட்டமானது கேட்டு வந்தவளை இன்றைக்குத்தான் பார்க்கிறார்.

"பட்ஜெட்ல பாக்கறீங்களா மேடம்? கம்மி விலைலயே அருமையான பீஸ் இருக்கு."

"அருமையெல்லாம் வேணாம். ஆன் பண்ணினா, பாட்டு போடாமலே 'ம்ம்'னு முனகணும். அது வந்தாப் போதும். பாட்டே வராட்டியும் பரவாயில்ல."

அவர் அவள் தோளுக்கு மேலே பார்வையை ஓட்டினார். பின்னால் அவள் புருஷன், ஏழு வயது மகளைத் தோளில் சாய்த்துக்கொண்டு தரையைப் பார்த்தபடி நின்றான். 'நீங்களாவது சொல்லுங்க சார்' என்று கேட்கிற பார்வைதான் விற்பனையாளருடையது. ஆனால் சார் எங்கே வாயைத் திறப்பது? ஆறு நாளாக அந்த வீட்டில் அவனுக்கு வாயே இல்லை.

மகளுக்கு வீட்டில் மிளகு என்று பெயர். பிறந்தபோது அத்தனூண்டு இருந்தாள் என்பதால் வந்த பெயர். மிளகு பேச மாட்டாள். மிக்சி ஓடினால், காலிங்பெல் அடித்தால், தெருவில் ஒரு ஹாரன் கேட்டால், யாரோ கன்னத்தில் அறைந்தது மாதிரி துடித்துப்போவாள். அவளுக்கு உலகத்தில் ஆறுதலான இடம் ஒன்றே ஒன்று. டிவிக்குக் கீழே கிடந்த பழைய சவுண்ட்பார். அதன்மேல் கன்னத்தை வைத்துப் படுத்துக்கொண்டால் எதை ஊட்டினாலும் வாயைத் திறப்பாள். மூன்று வேளையும் அப்படித்தான். அது இல்லாவிட்டால் சொட்டுத் தண்ணீர்கூட உள்ளே போகாது.

பாட்டு பிடிக்கிறது போலிருக்கிறது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். பெற்றவளும் அப்படித்தான் நினைத்தாள். காலையில் ஒரு பாட்டைப் போட்டுவிட்டு, அரக்கப்பரக்க ஊட்டிவிட்டு, டாக்சி கம்பெனிக்கு ஓடவேண்டும். அங்கே அவளுக்கு போன் எடுக்கிற வேலை. அந்த சவுண்ட்பார் வாங்கிய ஒரு வருஷத்திலேயே உள்ளே என்னமோ கெட்டுப்போய், பாட்டுக்கு அடியில் எப்போதும் ஒரு முனகல் இருந்துகொண்டே இருந்தது. அதை அவள் காதில் போட்டுக்கொண்டதே இல்லை.

புருஷன் போட்டுக்கொண்டான். அச்சகத்தில் மெஷின் ஓட்டுகிறவன். மெஷினில் ஒரு நட்டு தளர்ந்தால் டீக்கடையில் இருந்தபடியே கண்டுபிடிக்கிற காது. இரண்டு வருஷமாக அந்த முனகல் அவன் உயிரை வாங்கியது. பிள்ளை காதை வைத்துக் கேட்கிறாளே, சுத்தமாகக் கேட்கட்டுமே என்று போன திங்கட்கிழமை அதைத் தூக்கிக்கொண்டு ரிப்பேர் கடைக்குப் போனான். மெக்கானிக் விரல்நுனி அளவு கெபாசிட்டர் ஒன்றை மாற்றிக் கொடுத்தான். "பாரு, இப்ப எவ்ளோ கிளீனா இருக்கு!" என்று வாயெல்லாம் பல்லாக வீட்டுக்கு வந்து மாட்டினான், பாவி மனுஷன்.

மிளகு கன்னத்தை வைத்தாள். எடுத்தாள். அடுத்த கன்னத்தை வைத்தாள். அப்புறம் தலையாலேயே அதை முட்ட ஆரம்பித்தாள்.

மெக்கானிக்கிடம் திரும்ப ஓடினார்கள். பழைய கெபாசிட்டர் குப்பைக்குப் போயிருந்தது. "கெட்டுப்போனதுதானே வேணும்?" என்று வேறு ஒரு கெட்டுப்போனதைப் பொருத்தினான். புஸ்ஸென்று புகை வந்து சவுண்ட்பாரே செத்துப்போனது. போனில் இருந்த பழைய வீடியோக்களையெல்லாம் போட்டுப் பார்த்தார்கள். எல்லாவற்றிலும் மிளகு சிரித்தாள், பாட்டும் கேட்டது, முனகலை மட்டும் அந்தப் பாழாய்ப்போன போன் வேண்டாத இரைச்சல் என்று தானே வடிகட்டித் தள்ளியிருந்தது. நெட்டில் விதவிதமான முனகல் கிடைத்தது. ஒன்றையும் மிளகு ஏற்கவில்லை.

"உங்களை யாராவது கேட்டாங்களா? சொல்லுங்க, யாராவது கேட்டாங்களா?" என்று முதல் நாள் புருஷனைக் கேட்டவள்தான். அதோடு பேச்சை நிறுத்திவிட்டாள். அதற்குப் பதில் நாலு திட்டு திட்டியிருக்கலாம்.

முதல் நாட்களில் தூக்கத்தில் ஸ்பூனால் கொஞ்சம் பால் இறங்கியது. நேற்றிலிருந்து அதுவும் இல்லை. இன்று காலையில் டாக்டர் குழந்தையின் கண்ணை விரித்துப் பார்த்தார், தோலைக் கிள்ளிப் பார்த்தார். "நாளைக்குக் காலைக்குள்ள ஏதாவது குடிக்கலேன்னா சேத்துடணும்மா. மூக்கு வழியா ட்யூப் போட்டுத்தான் கொடுக்கணும்." ஒரு ஊசிக்கே நாலு பேர் பிடிக்க வேண்டியிருந்த பிள்ளை. ட்யூபைப் பிடுங்குவாள். கையைக் கட்டுவார்கள். ஏன் கட்டுகிறார்கள் என்று அவளுக்கு எப்படிப் புரியவைப்பது? காலையிலிருந்து இது மூன்றாவது கடை.

விற்பனையாளர் நல்ல மனுஷன். கேள்வி கேட்காமல் வரிசையாக எடுத்து வைத்தார். "இது ப்ளூடூத், யூஎஸ்பி ரெண்டும் இருக்கு. இதுல வூஃபர் தனியா வரும்." பழக்கதோஷம், வாய் தானாக விற்றது. அவள் ஒவ்வொன்றின் மேலும் காதை வைத்தாள். பாட்டு போடாதபோது எல்லாம் ஊமையாக இருந்தன. என்ன கஷ்டகாலம் பாருங்கள், எந்தக் கம்பெனிக்காரனும் ஒழுங்காகக் கெடுத்து வைக்கவில்லை!

"இந்தக் குட்டிய பாருங்க மேடம். கைல எடுத்துட்டுப் போகலாம், எட்டு மணிநேரம் பேட்டரி நிக்கும்."

"பேட்டரில ஓடறது முனகாது. கரண்ட்ல ஓடறதுலதான்…" என்று புருஷன் முணுமுணுத்தான். அவள் திரும்பி ஒரு பார்வை பார்த்தாள். மிச்சத்தை அவன் விழுங்கிக்கொண்டான்.

விற்பனையாளர் நெற்றியைத் தேய்த்தார். "இருங்க, போன வாரம் ஒருத்தர் இரையுதுன்னு ஒண்ண திருப்பிக் கொடுத்துட்டுப் போனார். குடோன்ல கிடக்கும்." உள்ளே போய் தூசியோடு அதைத் தூக்கி வந்து பிளக்கைச் செருகினார்.

முனகியது! நிஜமாகவே முனகியது! அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. புருஷன் தோளிலிருந்து பிள்ளையை வாங்கி அதன் பக்கத்தில் படுக்கவைத்தாள். மிளகு கன்னத்தை வைத்தாள். ஒரு விநாடி. இரண்டு விநாடி. அவள் பையிலிருந்த பால் பாக்கெட்டை எடுத்து ஸ்ட்ராவைக் குத்தினாள்.

மிளகு வீறிட்டாள். கடையே திரும்பிப் பார்த்தது. தரையில் விழுந்து, முதுகை வில்லாக வளைத்து, மூச்சு விடாமல் அலறினாள். கூட்டம் கூடிவிட்டது. "என்ன பிள்ளை வளர்ப்போ" என்றாள் ஒரு அம்மாள், வாஷிங் மெஷின் வாங்க வந்தவள். அவளை நாலு கேள்வி நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்டிருக்க வேண்டும். யாருக்கு அங்கே தெம்பிருந்தது? மேனேஜர் வந்து, "வெளிய கூட்டிட்டுப் போங்க, கஸ்டமர்ஸுக்குத் தொந்தரவா இருக்கு" என்றார்.

"இருங்க சார்" என்று விற்பனையாளர் அவருக்குக் குறுக்கே நின்றார். குனிந்து அவளிடம் கேட்டார். "எப்படிப்பட்ட சத்தம்னு சொல்லுங்க மேடம். எங்க மத்த பிராஞ்ச்லயும் போன் போட்டுக் கேட்டுப் பாத்துடறேன்."

அவள் வாயை மூடி "ம்ம்ம்" என்றாள். இது இல்லை. கொஞ்சம் ஏற்றிப் பார்த்தாள். இதுவும் இல்லை. இன்னொரு தடவை. மிளகின் அலறல்தான் கூடியது. இரண்டு வருஷம், மூன்று வேளை, அந்தச் சத்தத்துக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து ஊட்டியிருக்கிறாள். அது எப்படி இருக்கும் என்று அவளுக்குத் தெரியவில்லை.

"எனக்குத் தெரியலையே!" என்று தலையில் அடித்துக்கொண்டாள். "பெத்தவ எனக்கே தெரியலையே! என் குழந்தைக்கு என்ன வேணும்னு எனக்கே தெரியலையே!"

அப்போதுதான் புருஷன் தரையில் உட்கார்ந்தான்.

நாலு பேர் பார்க்கிற இடத்தில் தும்மக்கூட கூச்சப்படுகிறவன் அவன். அத்தனை பேருக்கு நடுவில் சம்மணம் போட்டு, கண்ணை மூடி, தாடையை நெஞ்சில் பதித்து, மூக்கால் முனக ஆரம்பித்தான். அடித்தொண்டையிலிருந்து கிளம்பிய கனத்த முனகல். சீராகப் போய், நடுவில் ஒருமுறை லேசாக இடறி, மறுபடி சீராகப் போனது. அவளுக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. அதேதான். இப்போது கேட்டதும் தெரிந்தது, அதேதான். அவள் காதில் விழாததை, அவன் இரண்டு வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு, ஒரு இடறல்கூட விடாமல் கேட்டு வெறுத்திருக்கிறான்.

அலறல் பாதியில் நின்றது. மிளகு தவழ்ந்து போனாள். அப்பாவின் சட்டையைப் பிடித்து ஏறி, நெஞ்சில் கன்னத்தை வைத்தாள். எடுத்தாள். அடுத்த கன்னத்தை வைத்தாள். அப்படியே கிடந்தாள்.

அவள் முழங்காலிலேயே நகர்ந்து போய் ஸ்ட்ராவை உதட்டில் வைத்தாள். உதடு திறந்தது. ஒரு மடக்கு. தொண்டை ஏறி இறங்கியது. இன்னொரு மடக்கு.

அவனுக்கு மூச்சு முடிந்தது. ஒரே ஒரு இழுப்புக்கு நிறுத்தினான், அவ்வளவுதான், குழந்தையின் உடம்பு விறைத்தது. அவசரமாக மறுபடி பிடித்தான். அடுத்த மூச்சு இன்னும் குட்டையாக முடிந்தது. முகம் ரத்தமாகச் சிவந்து, கழுத்து நரம்பு புடைத்தது. கண்ணைத் திறந்து பொண்டாட்டியைப் பார்த்தான். ஆறு நாளில் அவள் முகத்தை அவன் நேராகப் பார்த்தது அப்போதுதான். முடியலை என்று கெஞ்சுகிற பார்வை.

அவள் அவன் தோளோடு தோள் ஒட்டி உட்கார்ந்து "ம்ம்ம்" என்றாள். மிளகு முகத்தைச் சுளித்தாள். அவன் முனகிக்கொண்டே உள்ளங்கையைக் கவிழ்த்து மெதுவாகக் கீழே அமுக்கிக் காட்டினான். கீழே, இன்னும் கீழே. அவள் இறக்கினாள். இன்னும் இறக்கினாள். இரண்டு சத்தமும் ஒன்றையொன்று இடித்தன, உரசின, பிறகு எது யாருடையது என்று தெரியாமல் போனது. அவன் வாயைத் திறந்து நெஞ்சு கொள்ளுமட்டும் காற்றை இழுத்தான். மிளகு அசையவில்லை. குடித்துக்கொண்டிருந்தாள்.

விற்பனையாளர் சுவர் முழுக்க அலறிக்கொண்டிருந்த டிவிகளை ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டு போனார். மேனேஜர் தடுக்கவில்லை.

நாளைக்குக் காலையில் அவன் அச்சகத்தில் இருப்பான், அவள் போனுக்கு முன்னால் இருப்பாள். மூன்று வேளை, வருஷம் முழுக்க, இப்படி எத்தனை நாளைக்கு? அவளுக்குத் தெரியவில்லை. கண்ணீர் தாடையில் இறங்கிக் குழந்தையின் தலையில் சொட்டியது. பக்கத்தில் இருக்கிறவனிடம் ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை சொல்லவேண்டும் என்று நெஞ்சு அடித்துக்கொண்டது. சொல்ல வாயைத் திறந்தால் சத்தம் நின்றுவிடும். அவள் திறக்கவில்லை.